கைகள் மட்டும் போதுமாம்

துர்க்கையம்மா நீயே காவல்

பகுல்தலா
அக்ரஹாயண மாதக் கடைசி, வியாழக்கிழமை

என் கண்ணான பரிதோஷுக்கு,

உன் தலையில் கை வைத்து ஆசீர்வதித்து அம்மா எழுதுகிறேன். நீ பம்பாயில் சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். நம்பத்தான் வேண்டும், நீயாக ஒன்றும் எழுதுவதில்லையே. துர்க்கா பூஜைக்கு முன்னால் வந்த கடிதம்தான் கடைசி. முதலாளி லீவு தரமாட்டேன் என்கிறார் என்று அதில் எழுதியிருந்தாய். மூன்று பூஜையாக அதே முதலாளி, அதே காரணம். அந்த மனிதருக்கு வீடு வாசல் என்று ஒன்று உண்டா இல்லையா என்று ஒரு நாள் கேட்டுப் பார்.

இங்கே நெல் களத்துக்கு வந்துவிட்டது. இந்த வருடம் சிலாபதி ஆறு கரையோடு நின்றுகொண்டது, மேல்வயல் பிழைத்தது. வெள்ளைப் பசு கன்று போட்டிருக்கிறது, கிடாரி. என் முழங்கால் எப்போதும் போலத்தான்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். நம் ஊருக்குச் சினிமாக்காரர்கள் வந்திருக்கிறார்கள். கல்கத்தாவிலிருந்து இரண்டு லாரியும் ஒரு ஜீப்பும். ராய் வீட்டு இடிந்த மாளிகையில் தங்கியிருக்கிறார்கள். படம் எடுக்கிறவன் பெயர் பிரணவேஷ் பாபு. தாடி, ஜோல்னாப் பை, காலில் தேய்ந்த ரப்பர் செருப்பு. இரண்டு லாரி கொண்டு வருகிறவனுக்கு ஒரு செருப்பு வாங்க முடியாதா? பார்த்த அன்றே எனக்கு ஒரு மாதிரி இருந்தது. கிராமத்து வாழ்க்கையைப் பற்றிய படமாம். பழசுக்கும் புதுசுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட ஒரு வீட்டின் கதையாம். சரி, எடுத்துக்கொள்ளட்டும். ஆனால் வந்த மறுநாளே ஊரில் புதுசாக இருந்ததையெல்லாம் மூட ஆரம்பித்துவிட்டார்கள்.

நீ பாடுபட்டுப் போட்ட தகரக் கூரை இருக்கிறதே, அதன் மேல் வைக்கோல் பரப்பிவிட்டார்கள். “மாசிமா, கொஞ்ச நாள்தான். தகரம் பளபளன்னு கேமராக் கண்ணுல அடிக்குது” என்று பெரியம்மா முறை கொண்டாடி அவன் குழைந்தான். என் மகன் பம்பாய்த் தங்கப் பட்டறையில் கண் எரிய ஊதுகுழல் ஊதிப் போட்ட கூரை அது, பளபளக்கத்தான் செய்யும் என்றேன். ரொம்ப அழகாகச் சொன்னீர்கள் என்று தலையாட்டிவிட்டு, வைக்கோலை ஏற்றச் சொன்னான். இப்போது மேலே எலி ஓடுகிறது.

ஊருக்கு வந்த ஒரே மின்கம்பத்துக்கும் ஓலை சுற்றி, கலயம் கட்டி, ஈச்சமரமாக்கிவிட்டார்கள். கிழவன் ஹாரு மைத்தி விடியற்காலையில் பதநீர் குடிக்கலாம் என்று அதில் ஏறிவிட்டான். கம்பியில் இன்னும் மின்சாரம் வராததால் பிழைத்தான். இறங்கி வந்தவன், இந்த வருஷம் மரமெல்லாம் வழவழன்னு இருக்கு என்றானாம்.

இந்தக் கூத்தில் உன் மனைவியையும் இழுத்துவிட்டார்கள். கல்கத்தாவிலிருந்து வந்திருக்கும் கதாநாயகிக்கு ஆல்பனாக் கோலம் போடத் தெரியவில்லை. விரலில் அரிசி மாவை நனைத்தால் மாவு முழங்கை வரை வழிகிறது. வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த சேபாலி போய் ஒரு தாமரையை இழுத்துக் காட்டியிருக்கிறாள். அவ்வளவுதான், பிடித்துக்கொண்டார்கள். முகம் வேண்டாமாம், கைகள் மட்டும் போதுமாம். கோலம் போடுவது, அரிசி புடைப்பது, அடுப்பு ஊதுவது என்று கதாநாயகி கை தெரிகிற இடமெல்லாம் உன் மனைவியின் கைதான் படத்தில் வரும். முகம் வேண்டாதவர்களுக்குக் கை மட்டும் எதற்கு என்று நீயே யோசித்துப் பார்.

பஞ்சாயத்துக்காரர் வந்து சொன்னதால் நானும் தலையாட்டிவிட்டேன். இப்போது அவள் பொழுது விடியப் போனால் விளக்கு வைக்கும்போதுதான் வருகிறாள். கையில் எலுமிச்சையும் கிளிசரினும் தேய்க்கிறாள். கண்ணாடியையே மறந்திருந்தவள் இப்போது கையைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறாள். சுருட்டை முடிக்காரன் ஒருவன் வெளிச்சம் பார்க்கிறேன் என்று அவள் மணிக்கட்டைத் தொட்டு நகர்த்தினானாம், நிபாவின் அம்மா சொன்னாள். நிபாவின் அம்மா பொய் சொல்லக்கூடியவள்தான். ஆனால் இவ்வளவு விவரமாகப் பொய் சொல்ல அவளுக்கு அறிவு போதாது.

உன் பட்டறையில் உன் பக்கத்து மணையில் உட்காரும் பாதல் மஞ்சள் காமாலையோடு ஊருக்கு வந்திருக்கிறான். என்னைப் பார்க்க வந்தான். உன்னைப் பற்றிக் கேட்டால் பசுவைப் பார்த்துக்கொண்டே பதில் சொல்கிறான். உன் வேலையைப் பற்றி மட்டும் வாய் ஓயாமல் பேசினான். “பரி அண்ணன் கை வேலை பம்பாய்லயே கிடையாது காகிமா. போன வருஷம் மகர முகம் வச்சு இரும்பு வளைக்குத் தங்கம் கட்டினாரு பாருங்க. ரெண்டு. ரெண்டும் அச்சா ஒண்ணுபோல” என்றான். ஒன்று நீ சேபாலிக்கு அனுப்பியது, அவள் கையில் கிடக்கிறது. மற்றது யாருக்கு? புருஷன் இருக்கிறவள் போடும் இரும்பு அது, எனக்கு அந்தப் பாக்கியம் உன் அப்பாவோடு போயிற்று. விற்கச் செய்ததென்றால் அப்படியே எழுது. நான் கேட்டதும் பாதலுக்குத் தேநீர் புரையேறிவிட்டது, பாதியில் எழுந்து போனான். அந்த நேரம் பார்த்து உன் மனைவி பொரியை வாசலில் தட்டோடு கொட்டினாள். கவனமெல்லாம் சினிமாவில் இருந்தால் கை எப்படி நிற்கும்?

அவளுக்கு நாலு வரி கண்டித்து எழுது. என் பேச்சை அவள் கேட்கிறாள், ஆனால் கேட்கிற விதம் எனக்குப் பிடிக்கவில்லை. குளிருக்குக் கம்பளி போட்டுக்கொள். தெய்வம் உன்னைக் காக்கட்டும்.

உன் நலம் வேண்டும்
அம்மா


துர்க்கையம்மா நீயே காவல்

பகுல்தலா
பௌஷ மாதம், செவ்வாய்க்கிழமை

அன்பு மகனுக்கு,

முதல் கடிதம் கிடைத்ததா இல்லையா என்று தெரியவில்லை. தபால்காரன் கோஷ்டோ நம் வீட்டைத் தாண்டும்போது இப்போதெல்லாம் சைக்கிள் மணி அடிப்பதில்லை. அவனைச் சந்தேகப்பட்டு நேரே தபாலாபீசுக்கே போய்க் கேட்டேன். அங்கேயும் ஒன்றுமில்லை.

படத்தின் கதையை ஒருவழியாகத் தெரிந்துகொண்டேன். அவர்கள் சமையல்காரனுக்குப் புது வெல்லம் ஒரு சட்டி கொடுத்ததும் கக்கிவிட்டான். புருஷன் வேலைக்கென்று பட்டணம் போகிறானாம். கடிதம் நின்றுபோகிறது. பன்னிரண்டு வருடம் பார்த்துவிட்டு, ஊர் வழக்கப்படி தர்ப்பையில் ஓர் ஆள் செய்து, அதை அவனாக நினைத்துக் கொளுத்திவிடுகிறார்கள். அவளைப் படித்துறையில் உட்காரவைத்து, புருஷனுக்காகப் போட்ட சங்கு வளையை உடைத்து வெள்ளைச் சேலை கொடுக்கிறார்கள். பிறகு அவள் தாதிப் படிப்புக்குப் போக ஆசைப்படுகிறாள், வீடு விடமாட்டேன் என்கிறது. இதுதான் பழசும் புதுசுமாம்.

கேட்டதும் எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டது. இது யார் வீட்டுக் கதை? பட்டணம் போன புருஷன், வராத கடிதம். நெருப்பில்லாமல் புகையுமா? சேபாலியைக் கூப்பிட்டு நேராகவே கேட்டேன்.

“பௌமா, நம்ம வீட்டு விஷயத்த அவங்ககிட்ட என்னென்ன சொல்லி வச்சிருக்க?”

அவள் முறத்தைக் கீழே வைக்காமல் பதில் சொன்னாள். “நான் ஒண்ணும் சொல்லல மா. எல்லா ஊர்லயும் இந்தக் கதை இருக்கும் போல.”

பிரணவேஷ் பாபுவும் கதை போன வருடமே எழுதியது என்று தாடியைத் தொட்டுச் சத்தியம் செய்கிறான். சினிமாக்காரன் சத்தியம் தண்ணீர்மேல் எழுத்து. நம் ஊருக்குள் இத்தனை வீடு இருக்க, அவன் கேமராவை எதற்கு நம் வாசலுக்கு நேராக வைத்தான்?

அடுத்தது கேள். அவள் இல்லாதபோது அவள் பெட்டியைத் திறந்து பார்த்தேன். மாமியார் பார்க்காமல் வேறு யார் பார்ப்பது? சேலைகளுக்கு அடியில் துணியில் சுற்றி ஒரு ஜோடி வெள்ளை வளை.  கையில் கிடக்கும் சங்கைக் கழற்றிப் பெட்டியில் வைத்துவிட்டு, கையில் எதையோ பொய்யாக மாட்டிக்கொண்டு திரிகிறாளோ என்று தோன்றியது. சாயங்காலம் அவள் வந்ததும், அரிசி மாவுப் பிட்டா சுடும்போது பட்ட சூடு ஆறித் தழும்பாகிவிட்டதா என்று கேட்டுக் கையை இழுத்துப் பிடித்துக்கொண்டேன். சங்கு என்றால் தொட்டதும் குளிரும், சுண்ணாம்புப் பொம்மை வளை குளிராது. கையில் கிடந்தது குளிர்ந்தது. அது உண்மை வளைதான். பெட்டியில் இருந்ததுதான் பொய்.

“என்ன மா, சூட்ட பார்க்கறீங்களா, சங்கப் பார்க்கறீங்களா?” என்றாள். ரொம்பக் கெட்டிக்காரி ஆகிவிட்டாள்.

அப்புறம்தான் எல்லாம் வெளியே வந்தது. படத்தில் இதுவரை கதாநாயகியின் கையாக வந்தது சேபாலியின் கை. தழும்போடு எல்லாவற்றையும் படம் பிடித்துவிட்டார்கள். இப்போது சங்கு உடைக்கிற இடத்தில் வேறு கையைக் காட்டினால் ஒட்டாதாம். அதற்காகவே அந்தப் பொய் வளையைக் கொடுத்து அளவு பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள். அவளுடைய சொந்தச் சங்கையும் இரும்பையும் சோப்பு நுரை போட்டுக் கழற்றி ஒரு பக்கம் வைத்துவிட்டு, பொய் வளையை மாட்டிக் கல்லால் உடைக்க வேண்டுமாம்.

“சும்மா நடிப்புதான் மாசிமா. உடையறது பிளாஸ்டர் வளை” என்று பிரணவேஷ் பாபு எனக்குப் புத்தி சொன்னான்.

“கை பிளாஸ்டர் இல்லையே பா” என்றேன்.

நம் பக்கத்தில் சங்கு தற்செயலாக விரிசல் விட்டால்கூட உடைந்தது என்று சொல்ல நாக்கு வராது, பெருகிவிட்டது என்போம். அதைக் கல்லால் அடித்து உடைக்க, பத்துப் பேர் பிடிக்க, ஒருவன் விளக்கு பிடிக்க, இவர்கள் படம் எடுப்பார்களாம். பரி, அந்தப் படித்துறையில் மூன்றாம் படியில்தான் என் கையையும் வைத்தார்கள். உன் பெரிய அத்தை கல்லை எடுத்தாள். நீ அப்போது என் இடுப்பில் இருந்தாய், வளைத் துண்டை எடுத்து விளையாடப் பார்த்தாய். எனக்கு அந்தச் சத்தம் இன்னும் கேட்கிறது. நடிப்புக்கென்றாலும் சத்தம் அதேதானே வரும்?

ஊர் இரண்டாகப் பிரிந்துவிட்டது. நிபாவின் அம்மா, ஒரு சேலை கொடுத்தால் நான் உடைக்கிறேன், என் புருஷன் இருந்தென்ன போயென்ன என்று சிரிக்கிறாள். பட்டாச்சார்ஜி புரோகிதர், மனம் சுத்தமாக இருந்தால் தோஷமில்லை என்கிறார். போன வாரம் சினிமாக்காரர்கள் அவருக்கு ஒரு கம்பளி கொடுத்தார்கள். கம்பளி போர்த்தின சாஸ்திரம் அது. எங்களை மாதிரி விதவைகளைக் கூட்டமாக நிற்கக் கூப்பிடுகிறார்கள். எங்களுக்குச் சேலைச் செலவுகூட இல்லை பார், சொந்த வெள்ளையிலேயே வந்துவிடுவோம்.

நீ இதற்குப் போகக்கூடாது என்று சேபாலியிடம் சொல்லிவிட்டேன். அவள் சரி என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. பசுவுக்கு வைக்கோல் எடுத்துக்கொண்டே கேட்டாள்.

“மா, நான் இதக் கழட்டினா அவருக்கு ஏதாவது ஆகிடுமா?”

“என்ன கேள்வி இது? ஆகும்.”

“நான் போட்டிருக்கறதாலதான் அவர் நல்லா இருக்காரா?”

“ஆமா. பின்ன?”

“அப்போ ரொம்ப நல்லாத்தான் இருப்பார்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

அந்தக் குரல் எனக்குப் பிடிக்கவில்லை. அவள் மனதில் ஏதோ முடிவு செய்துவிட்டாள். கழற்றிவிட்டு இவர்களோடு கல்கத்தாவுக்கே போய்விடுவாளோ என்று பயமாக இருக்கிறது. சுருட்டை முடிக்காரன் நேற்று இரண்டு தடவை நம் வேலியோரம் போனான். சிகரெட் கடை அந்தப் பக்கம் என்கிறான். சிகரெட் கடை இந்த ஊரில் எப்போது வந்தது?

மகனே, சங்கராந்தி அன்று படித்துறையில் படம் எடுக்கப்போகிறார்கள். அதற்குள் நீ ஒரு தந்தி கொடு. நான் நன்றாக இருக்கிறேன் என்று மட்டும் கொடுத்தால் போதும். அதை அவள் முகத்துக்கு நேரே நீட்டி, இவன் உயிர் உன் கையில் இருக்கிறது என்று சொல்வேன். பாதல் வீட்டுக்கு மறுபடி போனேன், அவன் தூங்குவதாக அவன் அம்மா சொன்னாள். கதவிடுக்கில் அவன் கால் அசைந்தது.

உனக்கு ஒரு குறையும் வரக்கூடாது. அதுதான் என் ஜபம்.

அம்மா


துர்க்கையம்மா நீயே காவல்

பகுல்தலா
சங்கராந்திக்கு மறுநாள்

பரிதோஷ்,

நேற்று பௌஷ சங்கராந்தி. பிட்டா சாப்பிட்டாயா என்று நான் கேட்கப்போவதில்லை. யாராவது சுட்டுக் கொடுத்திருப்பார்கள்.

நேற்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். உன் தந்தி வரவில்லை. சேபாலி காலையில் குளித்து, வாசலில் கோலம் போட்டுவிட்டு, என்னிடம் ஒன்றும் சொல்லாமல் படித்துறைக்குப் போனாள். நான் என் கைத்தடியை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனேன். தரதரவென்று இழுத்து வருவதென்றுதான் போனேன். ஊரே கரையில் நின்றது. நான் யாரையும் பார்க்காமல் மேல்படியில் உட்கார்ந்துகொண்டேன்.

அவள் மூன்றாம் படியில் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் சோப்பு நுரை, ஒரு தட்டில் பொய் வளை, ஒரு கல். வேஷம் போடுகிற பெண் ஒருத்தி அவள் கையை நுரையில் முக்கிச் சங்கைத் திருகித் திருகி இழுத்தாள். கல்யாணத்தன்று போட்ட சங்கு, அதற்குப் பிறகு கை வளர்ந்துவிட்டது, சுலபத்தில் வருமா? விரல் முட்டி வரை வந்துவிட்டது. நான் கத்துவதற்காக எழுந்தேன். அதே நேரம் சேபாலி தலையைத் தூக்கி என்னைப் பார்த்தாள். பார்த்துவிட்டுக் கையைப் பிடுங்கிக்கொண்டாள்.

“என்னால முடியாது பாபு. கோலம் கேட்டீங்க, போட்டேன். அரிசி புடைக்கச் சொன்னீங்க, புடைச்சேன். இது மட்டும் வேணாம்.”

பிரணவேஷ் பாபு முதலில் கெஞ்சினான். பிறகு கோபம் வந்துவிட்டது. “ஒரு வளையல் ஒரு மனுஷனக் காப்பாத்துதுன்னு நீங்களும் நம்பறீங்களா? எட்டாவது படிச்சிருக்கீங்களே” என்று கத்தினான்.  அவள் விரல் முட்டி வரை வந்த சங்கை வலிக்க வலிக்கத் திரும்பவும் மணிக்கட்டுக்குத் தள்ளிவிட்டுப் படியேறிப் போய்விட்டாள்.

எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று சொல்ல முடியாது. என் மருமகள் என்று ஊரைப் பார்த்துத் தலைநிமிர்ந்தேன். நிபாவின் அம்மாகூட, புண்ணியவதி, புருஷன் கொடுத்து வைத்தவன் என்று மூக்கைச் சிந்தினாள். அப்போதுதான் ஆலமரத்தடியில் பாதலைப் பார்த்தேன். இன்னும் கண் மஞ்சளாகத்தான் இருக்கிறது. துண்டில் முகத்தை மூடிக்கொண்டு அழுதுகொண்டிருந்தான்.

ஊர் சந்தோஷப்படுகிற இடத்தில் ஓர் ஆண்பிள்ளை எதற்கு அழுவான்? கிட்டப் போய்த் துண்டைப் பிடுங்கினேன். “எதுக்குடா அழற?” என்றேன். “என்ன விட்டுடுங்க காகிமா” என்றான். நான் விடவில்லை. “ரெண்டாவது இரும்பு யாருக்குடா?” என்று கேட்டேன். அந்தக் கேள்வி என் வாயில் எங்கிருந்து வந்தது என்று எனக்கே தெரியவில்லை. ரொம்ப நாளாக அங்கேயேதான் கிடந்திருக்க வேண்டும்.

அவன் சொல்லிவிட்டான். பட்டறை ஆட்களுக்குச் சோறு போடுகிற வீட்டுப் பெண் என்றான். நம் மேதினிபூர்ப் பக்கத்துப் பெண்தான், காளி கோயிலில் வைத்துச் சிந்தூரம் வைத்தாய் என்றான். பெண் குழந்தை, இப்போதுதான் நடக்கிறது, உன்னைப் போலவே காது என்றான். அவனை நீ திட்டாதே. அவன் என்னிடமிருந்து ஓடிப் பார்த்தான், நான்தான் பிடித்தேன்.

நான் இந்த மாதம் முழுக்க யாரைச் சந்தேகப்படவில்லை? செருப்பைச் சந்தேகப்பட்டேன், தாடியைச் சந்தேகப்பட்டேன், தபால்காரனை, புரோகிதரின் கம்பளியை, அந்தச் சுருட்டை முடியை. விசாரித்ததில் அவன் அலைந்தது வேலியோரத்துப் பூனைக்குட்டிக்குப் பால் வைக்கத்தானாம். உன் மனைவியின் கையைப் பிடித்து உண்மையா பொய்யா என்று தொட்டுப் பார்த்தேன். நான் பெற்றதை மட்டும் தொட்டுப் பார்க்கத் தோன்றவில்லை. எனக்கு அவமானமாக இருக்கிறது பரி. கோபமாகவும் இருக்கிறது. கோபம்தான் அதிகம்.

வீட்டுக்கு வந்தேன். அவள் அடுப்படியில் பிட்டாவுக்கு மாவு கரைத்துக்கொண்டிருந்தாள். மணிக்கட்டு வீங்கிச் சிவந்திருந்தது.  பாதல் அழுதான் என்று மட்டும் சொன்னேன். அவள் கரண்டியை வைத்துவிட்டாள்.

“உனக்குத் தெரியுமா?” என்று கேட்டேன்.

“அன்னிக்கே தெரியும் மா. பொரி கொட்டுச்சே, அன்னிக்கு. பாதல் ஒண்ணும் சொல்லல. ரெண்டுன்னு சொன்னார், அது போதாதா?”

“தெரிஞ்சுதான் கழட்டாம வந்தியா? எதுக்குடி? அவனுக்காகவா?”

 அவள் சொன்னதை நான் அப்படியே எழுதுகிறேன், ஒரு சொல் கூட்டவில்லை.

“கழட்டத்தான் மா போனேன். சினிமாவுக்குத்தானேன்னு சாக்குச் சொல்லி, எல்லார் முன்னாடியும் கழட்டிட்டு, திரும்பப் போட்டுக்காமலே இருந்துடலாம்னு நினைச்சேன். யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க. மேல பார்த்தா நீங்க உக்காந்திருக்கீங்க. அவர் எனக்குச் செத்துட்டார்னு வச்சுக்கலாம் மா. உங்களுக்கு அவர் இருக்காரே. பெத்தவ பார்த்துக்கிட்டு இருக்கறப்ப எப்படி உடைப்பேன்?”

  தேங்காய் எண்ணெய் எடுத்து வந்து அவள் மணிக்கட்டில் தேய்த்தேன். சங்கு குளிர்ந்துதான் இருந்தது. அதற்குக் கீழே உன் இரும்பு வளை, மகர முகத்தோடு, ரொம்ப நேர்த்தியான வேலை. உன் கையை வெட்ட வேண்டும் போல இருந்தது. அடுத்த நிமிஷமே நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

பிட்டா சுட்டாள். இரண்டு பேரும் சாப்பிட்டோம். அவள் நன்றாகவே சாப்பிட்டாள்.

சாயங்காலம் பிரணவேஷ் பாபு மன்னிப்புக் கேட்க வந்தான். கதாநாயகியின் கையைத் தண்ணீருக்குள் வைத்து, தழும்பு தெரியாமல் எடுத்துக்கொண்டார்களாம். நான் அவனிடம் சொன்னேன், “உன் கதையில ஒரு தப்பு இருக்கு பா. மாமியார்க்காரிக்குப் பன்னிரண்டு வருஷம் ஒண்ணும் தெரியலன்னு எடுத்திருக்க. அப்படியெல்லாம் தெரியாம இருக்காது. தெரிஞ்சுக்க மாட்டா, அவ்வளவுதான்.”  “அப்போ கடைசியில என்ன நடக்கணும் மாசிமா?” என்றான். உன் படத்தை நீ பார்த்துக்கொள், என் வீட்டை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லி, கூரைமேல் இருக்கிற வைக்கோலை முதலில் இறக்கச் சொன்னேன். இன்று காலையில் இறக்கிவிட்டார்கள். தகரம் கண்ணைக் கூசச் செய்கிறது. எலி இன்னும் இருக்கிறது.

அந்தப் படத்தில் அவளைத் தாதிப் படிப்புக்கு விடமாட்டேன் என்கிறார்களே, நான் அப்படியில்லை. கட்டால் டவுனில் அந்தப் படிப்புக்கு எட்டாவது படித்தவர்களை எடுக்கிறார்களாம், பாதலின் அம்மா மூலமாக விசாரித்துவிட்டேன். வைசாக மாதம் சேர்க்கிறேன். இதற்கு உன் சம்மதம் கேட்டு எழுதவில்லை, தகவலுக்காக எழுதுகிறேன். சேபாலி உன்னைப் பற்றி ஒரு குறையும் சொல்லவில்லை. இந்தக் கடிதம் எழுதுவதும் அவளுக்குத் தெரியாது.

குழந்தையைக் கூட்டி வா என்று எழுத எனக்குக் கை வருகிறது. ஆனால் இந்த வீட்டில் அதைச் சொல்ல வேண்டியவள் நானல்ல. அதற்குக் காது குத்தியாயிற்றா என்று மட்டும் எழுது. பெயர் என்ன என்றும் எழுது.

மகனே, இரண்டு பெண்கள் உன் ஆயுளைக் கையில் போட்டுக்கொண்டு நடக்கிறார்கள். நீ நீண்ட நாள் இருப்பாய், அதில் மட்டும் எனக்குச் சந்தேகம் இல்லை. அத்தனை நாளில் ஒரு நாளை எடுத்துக்கொண்டு வா. பாதலிடம் சொல்லி அனுப்பாதே, கடிதத்தில் எழுதாதே. அவள் எதிரில் உட்கார்ந்து உன் வாயால் சொல். அப்புறம் அவள் கழற்றிக்கொள்ளட்டும். படித்துறையில் வேண்டாம், ஊர் பார்க்க வேண்டாம், நம் வீட்டுக்குள்ளேயே. சோப்பு நுரை நான் கலந்து வைக்கிறேன், கையை நான் பிடித்துக்கொள்கிறேன். மெதுவாகக் கழற்றலாம். உடைக்க வேண்டாம். நீ எனக்கு இருக்க வேண்டும்.

உன் தலையில் கை வைத்துத்தான் இதையும் எழுதுகிறேன்.

உன்னைப் பெற்ற
அம்மா